பூசணிக்காய் உடைக்காத படம்

கோடம்பாக்கத்தில் ஒரு படத்தின் ஷூட்டிங் முடிந்ததா இல்லையா என்று டைரக்டரிடம் கேட்டுப் பிரயோஜனமில்லை. அவருக்கே தெரியாது. பூசணிக்காய் உடைத்தாயிற்றா என்று கேட்க வேண்டும். கடைசி ஷாட் எடுத்து, பேக்கப் சொல்லி, வெள்ளைப் பூசணியில் கற்பூரம் ஏற்றிக் கேமராவுக்குச் சுற்றித் தரையில் போட்டு உடைத்தால்தான் முடிந்ததாக அர்த்தம். அதுவரை நடிகை மேக்கப்பைக் கலைக்க மாட்டார், லைட்மேன் விளக்கை இறக்க மாட்டார்.

என் நண்பன் அறிவுடைநம்பி இருபது வருஷமாகப் படம் எடுக்கிறான். ஒரு பூசணிக்காய்கூட உடைத்ததில்லை. அவன் அப்பா கறுப்புச் சட்டைக்காரர். மகனுக்கு அந்தப் பெயரை வைத்ததோடு விடாமல் அதற்கேற்ற மாதிரியே வளர்த்தும் விட்டார். நாலு பேர் வழுக்கி விழுவதற்காக நடுரோட்டில் ஒரு காயைப் போட்டு உடைக்கச் சொல்கிறீர்களா என்று யூனிட்டில் கேட்பவர்களிடம் எரிந்து விழுவான். உடைத்திருக்கலாம். ஒரு காய்தானே.

அவன் எடுப்பதெல்லாம் பரிசோதனைப் படங்கள். கதாநாயகன் கிடையாது, பாட்டு கிடையாது, சில படங்களில் ஆளே கிடையாது. அவற்றைப் பார்த்த தமிழர்கள் எல்லோரையும் ஒரே வேனில் ஏற்றிவிடலாம். ஆனால் படங்கள் மட்டும் ஜெர்மனி, கொரியா என்று போய்விட்டு வரும். அவனுடைய எடிட்டர் நான். பெயர் காந்திமதிநாதன், பிறந்தது திருநெல்வேலி, எல்லோருக்கும் காந்தி. சாலிகிராமத்தில் ஒரு முதல் மாடியில் என் எடிட்டிங் அறை. அதற்குப் பின்னால் உள்ள அறைதான் வீடு. கல்யாணத்துக்கு நேரமில்லை என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். பிறகு நேரம் வந்தது, வயது போய்விட்டது.

நம்பியின் படங்களில் ஒரு விசேஷம் உண்டு. யாராவது அழ ஆரம்பித்தால் கேமரா நகர்ந்துவிடும். மின்விசிறியைப் பார்க்கும், அல்லது சொட்டுகிற குழாயை, அல்லது பாதி திறந்த கதவை. அழுகை சத்தமாக மட்டும் கேட்கும். இதை மௌனத்தின் அழகியல் என்று ஒருவர் பெரிய கட்டுரையே எழுதினார். எனக்கு அந்த அழகியலின் பூர்வாசிரமம் தெரியும். நம்பியால் யாரும் அழுவதைப் பார்க்க முடியாது, அவ்வளவுதான்.

சிறு வயதில் தீபாவளி வெடி ஒன்று அவனுடைய இடது கண்ணைக் கொண்டுபோய்விட்டது. அதன் பிறகு கண்ணாடிக் கண்தான். வசுமதி அவனைக் கல்யாணம் செய்துகொண்டதும் அந்தக் கண்ணாடிக் கண்ணோடுதான். பழைய மகாபலிபுரம் சாலையில் இருந்த ஒரு கம்பெனி, கண்ணுக்குள் பொருத்துகிற கேமரா ஒன்றைச் செய்து, அதைப் போட்டுக்கொள்ள ஆள் தேடியபோது நம்பி கும்பிடப்போன தெய்வம் குறுக்கே வந்ததுபோல ஓடினான். எங்கள் வட்டாரத்தில் அதற்குக் கண் கம்பெனி என்றே பெயர். அந்தக் கண்ணால் அவனுக்குப் பார்வை வராது. வலது கண் திரும்பும் பக்கம் அதுவும் திரும்பும், பார்ப்பதைப் பதிவு செய்யும். ஒரு வருஷம் அதைப் போட்டுக்கொண்டு வாழ்வது, வாழ்ந்ததைப் படமாக்குவது. அதுதான் திட்டம். நடிப்பே இல்லாத படம், மனிதனும் கேமராவும் ஒன்றாகிவிட்ட முதல் படம் என்று அவன் சொல்லிக்கொண்டு திரிந்தான். படத்துக்குப் பெயர் 'கண்கொட்டாமல்'.

நடிப்பே இல்லாத படம் என்றுதான் நானும் நம்பினேன். கண் பதிவு செய்யும்போது கருவிழிக்குள் ஒரு சிவப்புப் புள்ளி எரிய வேண்டும் என்பது சட்டம். எதிரில் இருப்பவர்களுக்குத் தெரிய வேண்டுமல்லவா. தெரிந்தது. டீக்கடை மாஸ்டர் நம்பியைக் கண்டதும் தலை வாரிக்கொண்டு டீ ஆற்றினார். ஆட்டோக்காரர் மீட்டர் போட்டார். பழைய நண்பர்கள் ஊர்வம்பை விட்டுவிட்டு உலக சினிமாவைப் பற்றிப் பேசினார்கள். மாமியார் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு கீரை ஆய்ந்தார். ஊரே நம்பிக்கு முன்னால் நல்லவராக நடித்தது. அவன் போன பிறகுதான் மூச்சு விட்டது. ஒரு மனிதனுக்கு முன்னால் யாருமே இயல்பாக இல்லையென்றால் அவன் யாரோடு வாழ்கிறான்?

வசுமதி மட்டும் முதலில் நடிக்கவில்லை. அவள் அரசு ஆஸ்பத்திரியில் பிசியோதெரபிஸ்ட். அங்கே யார் பார்த்தாலும் வேலையைப் பார்த்தாக வேண்டும். படுக்கையறைக்குள் வரும்போது மட்டும் கண்ணுக்குப் பட்டை கட்டிக்கொள்ளச் சொன்னாள். கொஞ்ச நாள் கட்டினான், அப்புறம் மறந்தான். மறந்த அன்றிலிருந்து அவளும் அழ வேண்டுமென்றால் குளியலறைக்குப் போனாள். மூடுகிற கதவும் அதற்குப் பின்னால் தண்ணீர் ஓடுகிற சத்தமும் என்னிடம் இருக்கின்றன.

என்னிடம் எல்லாமே இருந்தன. நம்பி தூங்கும்போது கண் தன்னிடம் இருப்பதை இறக்கிவைக்கும், காலையில் அது என் மெஷினுக்கு வந்திருக்கும். அந்த ஒரு வருஷமும் என் காலை வசுமதியோடுதான் விடிந்தது. இதில் விகல்பம் எதுவும் இல்லை, வேலை அது. ஆனாலும் அவள் தோசை வார்ப்பதைப் பார்த்துக்கொண்டு பார்சல் இட்லி சாப்பிட்டிருக்கிறேன். சிரிப்பதற்கு முன்னால் அவள் கீழுதட்டைக் கடிப்பது எனக்குத் தெரியும். செருப்பு வாரில் ஊக்கு குத்தியிருந்ததும் தெரியும். அவளுக்கு என்னைப் பற்றி என்ன தெரியும்? கல்யாணத்தில் ஒரு மிக்ஸி கொடுத்தவர் என்று தெரிந்திருக்கலாம்.

பிறகு முரளி செத்துப்போனான். அவள் தம்பி, மஸ்கட்டில் கட்டட வேலையில் இருந்தவன், சாரத்திலிருந்து விழுந்துவிட்டான். போன் வந்தபோது வசுமதி சமையலறையில் வாழைப்பூ ஆய்ந்துகொண்டிருந்தாள். விரல்களெல்லாம் கறை. அந்தக் கறை விரல்களோடு போனைப் பிடித்துக்கொண்டு கேட்டாள், பிறகு அப்படியே பிரிட்ஜில் முதுகைச் சாய்த்துத் தரைக்கு இறங்கினாள். சத்தமே வரவில்லை. வாய் திறந்திருந்தது, முகம் கோணியது, கண்ணீர் பிறகுதான் வந்தது. நம்பி வாசற்படியில் நின்று அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். கண் அவளை விட்டு நகரவில்லை. இமைக்கவும் இல்லை. இமைத்தால் படத்தில் ஒரு கறுப்பு விழும், அதுதான் எங்களுக்கு வெட்டு. அந்தக் காட்சியில் ஒரு கறுப்புகூட இல்லை. அவள் அழுது முடித்து, முந்தானையால் முகத்தைத் துடைத்து, நிமிர்ந்து அவனைப் பார்க்கும்வரை அது ஒரே ஷாட்.

உடல் வந்த அன்று விமான நிலையத்துச் சரக்குக் கிடங்குக்குப் போனார்கள். பெட்டியைத் தள்ளுவண்டியில் வைத்துத் தள்ளிக்கொண்டு வந்தார்கள். வசுமதி ஓடிப்போய் அதன் பலகையில் கன்னத்தை வைத்தாள். அந்த நொடியில் கண் அவளை விட்டு மேலே ஏறியது. கூரைக்குக் கீழே இரும்பு உத்தரத்தில் இரண்டு புறாக்கள். ஒன்றின் காலில் நூல் சுற்றியிருந்தது. அவள் கதறுவது முழுவதும் புறாக்களின் மேல்தான் கேட்கிறது.

திரும்பி வரும்போது காரில் அவள் கேட்டது பதிவில் இருக்கிறது. நான் அழும்போது நீங்கள் மேலே எதையோ பார்த்துக்கொண்டிருந்தீர்கள் என்றாள். நான் பார்க்கவில்லை, இது பார்த்தது என்று அவன் இடது கண்ணைத் தொட்டுக் காட்டினான். அப்படியானால் சமையலறையில் பார்த்தது யார் என்று கேட்டாள். அது நான் என்றான். காரியம் முடிந்ததும் அவள் பல்லாவரத்தில் அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள். சண்டை எதுவும் போடவில்லை. துணிகளை மடித்து வைத்துக்கொண்டு போனாள்.

வருஷம் முடிந்து கண் கம்பெனி கண்ணை எடுத்தது. பழைய கண்ணாடிக் கண் திரும்ப வந்தது, சிவப்புப் புள்ளி போய்விட்டது. ஆனால் யாரும் நம்பவில்லை. டீக்கடை மாஸ்டர் இப்போதும் தலை வாரிக்கொண்டார். புள்ளியை மட்டும் அணைத்துவிட்டார்கள் என்று தெருவில் பேச்சு. முடிந்துவிட்டது, வா என்று நம்பி வசுமதிக்குப் போன் செய்தான். பூசணிக்காய் உடைத்தாயிற்றா என்று அவள் கேட்டாளாம். அவன் வழக்கம்போல மூடநம்பிக்கை என்று ஆரம்பித்திருக்கிறான். அவள் போனை வைத்துவிட்டாள்.

அன்று மத்தியானமே என் அறைக்கு வந்தான். தாடி ஏறியிருந்தது, சட்டைப் பொத்தான் மாறிப் போட்டிருந்தது. படம் சமையலறைக் காட்சியோடு முடிய வேண்டும் என்றான். இருபது வருஷத்தில் தான் அழுகையை நேருக்கு நேர் பார்த்த ஒரே காட்சி அது என்றான். அதில் அவனுக்கு இருந்த பெருமையைப் பார்த்து எனக்குக் கொஞ்சம் பொறாமைகூட வந்தது.

"வசு உன்கிட்ட வருவா, காந்தி. புறாவைப் பார்த்தது நானா, மெஷினான்னு கேப்பா. நீ சொன்னா நம்புவா. மெஷின்தான்னு சொல்லிடு."

"மெஷின்தானா?"

"பின்ன? எனக்குத் தெரியாதா? என் கண்ணுய்யா." பிறகு, "ரெண்டுல ஒண்ணு" என்றான்.

அவன் பொய் சொல்லவில்லை. அப்படித்தான் என்று நம்பினான். எனக்குத்தான் எங்கேயோ இடித்தது. அழுகையைக் கண்டால் மின்விசிறியைத் தேடுகிற ஆள் எப்படிச் சமையலறையில் இமைக்காமல் நின்றான்? படத்துக்கு ஒப்புதல் தருவதற்காகக் கண் கம்பெனியிலிருந்து ரிஸ்வானா வந்திருந்தாள். அந்தக் கண்ணுக்கு மென்பொருள் எழுதிய குழுவில் ஒருத்தி. சின்னப் பெண், ஆனால் வார்த்தையை எடை போட்டுத்தான் பேசுவாள். கண் தானாகத் திரும்புமா என்று அவளிடம் கேட்டேன்.

"தானா திரும்பாது சார். லேசா தூண்டிவிடும். முக்கியமான விஷயம் எதிர்ல இருந்தா, அந்தப் பக்கம் பாருன்னு நரம்புக்கு ஒரு தட்டு. வலது கண்ணும் கழுத்தும் சேர்ந்து அந்தப் பக்கம் போயிடும். நல்ல ஷாட் தப்பிடக் கூடாதில்ல."

"அது நம்பிக்குத் தெரியுமா?"

"தூண்டல் இருக்குன்னு தெரியும். கையெழுத்து போட்டிருக்காரு. ஆனா எப்ப தூண்டுச்சுன்னு தெரியாது. தானே பார்க்க நினைச்ச மாதிரிதான் இருக்கும். தெரிஞ்சா எரிச்சலாகும்னு அப்படித்தான் செஞ்சோம்."

முக்கியமான விஷயம் என்று அது எதைச் சொல்லும் என்று கேட்டேன். முகம் என்றாள். முகங்களில் சிரிக்கிற முகம், அதைவிட அழுகிற முகம். அழுகிற முகம் கிடைத்துவிட்டால் அது முடியும்வரை விடாது, இமையைக்கூடப் பிடித்து நிறுத்திவிடும் என்றாள். சமையலறைக் காட்சியைப் போட்டேன். கொஞ்சம் பார்த்ததுமே எங்கள் கண்தான் என்று தலையாட்டினாள். அவள் குரலில் ஒரு தாய்ப்பெருமை இருந்தது. பிறகு புறாக்களைப் போட்டேன்.

"இது எங்க கண்ணு இல்ல சார்" என்றாள். "புறாவைப் பார்க்கச் சொல்லி நாங்க எழுதவே இல்லையே. அந்த அம்மா முகம் அங்க இருக்கும்போது கண்ணு அவங்களை விட்டு வரவே வராது. இவரு இழுத்துட்டுப் போயிருக்காரு. அதுக்கு ரொம்ப பலம் வேணும்."

அவள் போன பிறகு அறையில் ஏசி மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. நம்பி சொன்னதைத் தலைகீழாகப் பிடித்தால் உண்மை வந்தது. பார்த்தது மெஷின், பார்க்காமல் போனது அவன். இதை அவனிடம் எப்படிச் சொல்வது? வாழ்க்கையில் ஒரே ஒருமுறை மனைவியின் துக்கத்தை நேராகப் பார்த்தேன் என்று நினைத்துக்கொண்டிருப்பவனிடம், அது நீ இல்லை என்று சொல்வதா? பேசாமல் அவன் கேட்டபடியே பொய் சொல்லிவிடலாம் என்றுதான் முடிவு செய்தேன். ஒரு பொய்யில் இரண்டு பேர் சேர்ந்துவிடுவார்கள்.

அவள் ஞாயிற்றுக்கிழமை காலையில் வந்தாள். கதவைத் திறந்ததும் எனக்கு ஒரு விசித்திரமான தடுமாற்றம். தினமும் பார்த்த முகம், ஆனால் இது என்னைப் பார்த்தது. இளைத்திருந்தாள். செருப்பு புதிது. வாம்மா என்று நான் சொல்வதற்குள் அவளே, "வரலாமாண்ணா?" என்றாள்.

இரண்டு காட்சிகளையும் பார்க்க வேண்டும் என்றாள். சமையலறையைப் போட்டுக்கொடுத்துவிட்டு டீ சொல்லிவிட்டு வருகிறேன் என்று வராந்தாவுக்குப் போய் நின்றேன். அவள் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு என்னால் அதைப் பார்க்க முடியாது. திரும்பி வந்தபோது திரையில் அவள் நிமிர்ந்து பார்க்கும் கடைசிச் சட்டகம் உறைந்து நின்றது. திரைக்கு முன்னால் அவள் அதே மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள்.

"இப்படி என்னை யாருமே பார்த்ததில்லண்ணா. எங்கம்மாகூட. அன்னிக்கு இதனாலதான் எந்திரிச்சேன். அவர் பார்த்துட்டு இருக்காரு, நான் தனியா இல்லன்னு."

நான் டீயை அவள் பக்கம் நகர்த்தினேன்.

"நான் டெய்லி செய்யற வேலை இதுதான். பேஷன்ட் காலை அவனே தூக்கறானா, நான் தூக்கி விடறேனான்னு என் கைக்குத் தெரியும். கண்ணு விஷயத்துல எனக்குத் தெரியல. எது அவரு, எது மெஷின்? நீங்க பொய் சொல்ல மாட்டீங்கன்னு வந்தேன்."

பொய் சொல்ல மாட்டேன் என்று அவளுக்கு யார் சொன்னார்களோ தெரியவில்லை. வாய்வரை வந்ததைச் சொல்ல முடியவில்லை. ரிஸ்வானா சொன்னதை அப்படியே சொன்னேன். சமையலறையில் பார்த்தது மெஷின், புறாவைப் பார்த்தது நம்பி. சொல்லி முடித்ததும் அவள் முகம் என்ன ஆகுமோ என்று பயந்து விசைப்பலகையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவள் அழவில்லை. புறாவைப் போடுங்கள் என்றாள். போட்டேன். பார்த்துவிட்டு இன்னொருமுறை என்றாள். மூன்றாவது முறை பார்க்கும்போது திரைக்குப் பக்கத்தில் போய் நின்றாள்.

"ஏண்ணா, இது இவ்வளவு ஆடாம இருக்கு?"

எங்கள் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. கையில் பிடித்து எடுத்த ஷாட் ஆடினால், ஆட்டத்தைத் துடைத்துவிடும் கருவி ஒன்று எடிட்டிங் மெஷினிலேயே இருக்கிறது. வந்த ஷாட்டையெல்லாம் முதலில் அதில் போட்டு எடுத்துவிட்டுத்தான் வெட்டவே உட்காருவேன். பல் தேய்ப்பதுபோல, யோசிக்காமல் செய்வது. அதைச் சொன்னேன். துடைக்காததைக் காட்டுங்கள் என்றாள்.

மூலத்தைத் தேடி எடுத்துப் போட்டேன். புறாக்கள் நடுங்கின. உத்தரம் நடுங்கியது. கொஞ்சம் நஞ்சமல்ல, படம் முழுக்க விட்டு விட்டுக் குலுங்கியது. நடுவே நடுவே இமைக்கும் கறுப்பு, ஒன்றின் மேல் ஒன்றாக. இதை முதலில் பார்த்தபோது எனக்கு என்ன தோன்றியது என்று ஞாபகம் இருக்கிறது. மோசமான ஷாட், நல்லவேளை மெஷின் சரி செய்துவிடும் என்று தோன்றியது.

வசுமதி திரையில் கை வைத்தாள். "கழுத்து நடுங்குது. தோள்பட்டையில ஆரம்பிச்சு மேல வருது, பாருங்க. அவரும் அழுதிருக்காரு." கொஞ்ச நேரம் அவள் கை அங்கேயே இருந்தது. "மாமா, இவரு அப்பா, செத்தப்பகூட சுடுகாட்டுல கடிகாரத்தையே பார்த்துட்டு நின்னாரு. அப்பவும் இப்படித்தான் நடுங்கினாரு. நான் பக்கத்துல நின்னேன், எனக்குத் தெரியும். மறந்துட்டேன்."

பையை எடுத்துக்கொண்டு கிளம்பும்போது, சமையலறைக் காட்சியை அழித்துவிடச் சொன்னாள். நம்பியிடம் தான் வேண்டாமென்று சொன்னதாக மட்டும் சொல்லுங்கள், யார் பார்த்தது என்று சொல்லாதீர்கள், அது அவரிடமே இருக்கட்டும் என்றாள். படத்தின் முடிவே அதுதான் என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தேன்.

"அதுல நான் மட்டும்தாண்ணா இருக்கேன். பார்க்கிறதுக்கு அங்க ஆளே இல்லையே."



ஆச்சரியம், நம்பி சண்டை போடவில்லை. அவளே வேண்டாமென்றாளா என்று கேட்டான். ஆமாம் என்றேன். எழுந்து போய் ஜன்னலுக்கு வெளியே எதிர்வீட்டுத் தண்ணீர்த் தொட்டியைக் கொஞ்ச நேரம் பார்த்தான். எடுத்துவிடு என்றான். புறாவே முடிவாக இருக்கட்டும் என்று நான் சொன்னதற்கும், அது ஆடட்டும் என்று சொன்னதற்கும் சரி என்றான். அதில் ஏதோ அழகியல் இருக்கும் என்று நினைத்திருப்பான்.

அடுத்த வெள்ளிக்கிழமை அவன் வீட்டு வாசலில் ஒரு ஆட்டோ வந்து நின்றது. வசுமதி ஒரு கையில் துணிப்பையும் இடுப்பில் குழந்தையைப்போல ஒரு வெள்ளைப் பூசணியுமாக இறங்கினாள். என்னையும் வரச் சொல்லியிருந்தாள். படத்துக்கு யூனிட் என்று இருந்தது நாங்கள் மூன்று பேர்தான். பூசணியில் ஓட்டை போட்டுக் குங்குமம் கரைத்து ஊற்றி, மேலே கற்பூரத்தை நான் ஏற்றினேன். கேமராவுக்குச் சுற்ற வேண்டுமே, கேமரா எங்கே? நம்பியின் முகத்துக்கு முன்னால் மூன்று சுற்று சுற்றினாள். கறுப்புச் சட்டைக்காரரின் மகன் கையைக் கட்டிக்கொண்டு பேசாமல் நின்றான். பக்கத்து வீட்டுக்காரர்கள் மாடியிலிருந்து பார்த்தார்கள். டீக்கடை மாஸ்டர் கரண்டியோடு வந்து நின்றார்.

பூசணியை அவனே வாங்கித் தூக்கிப் போட்டு உடைத்தான். நன்றாகவே உடைந்தது. வசுமதி அவனுக்கு நேரே நின்றாள். அவள் உதடு நடுங்கியது, கண் நிறைந்து வழிந்தது. அவள் துடைக்கவில்லை. முகத்தை அவனுக்குக் காட்டிக்கொண்டு அப்படியே நின்றாள். பரீட்சை வைக்கிறாள் என்று எனக்கு மட்டும் தெரிந்தது.

நம்பி ஒரு நொடி அவளைப் பார்த்தான். பிறகு அவன் பார்வை கீழே இறங்கியது. குனிந்து பூசணித் துண்டுகளைப் பொறுக்க ஆரம்பித்தான். "யாராவது வழுக்கி விழப்போறாங்க" என்று முணுமுணுத்தான். அவன் தோள் குலுங்கிக்கொண்டிருந்தது.

வசுமதி கீழுதட்டைக் கடித்தாள். சிரித்தாள். துணிப்பையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் போனாள். ஷூட்டிங் முடிந்துவிட்டது என்று அவளுக்கு நிச்சயமாகிவிட்டது. மறுநாளிலிருந்து டீக்கடை மாஸ்டரும் தலை வாருவதை விட்டுவிட்டதாகக் கேள்வி.

நான் அறைக்கு வந்து சமையலறைக் காட்சியை அழித்தேன். அழிப்பதற்கு முன்னால் ஒருமுறை பார்த்தேன். அதன் பிறகு காலையில் மெஷினைப் போட்டால் எதுவும் வந்திருக்காது. பார்சல் இட்லியைச் சுவரைப் பார்த்துக்கொண்டு தின்றேன். ஒரு வருஷம் ஒரு வீட்டில் குடியிருந்துவிட்டுக் காலி செய்ததுபோல இருந்தது. அந்த வீட்டுக்காரர்களுக்கு நான் அங்கே குடியிருந்ததே தெரியாது.

படத்தை முதன்முதலாக வடபழனியில் ஒரு சின்ன பிரிவியூ தியேட்டரில் போட்டோம். புறாக்கள் நடுங்கி முடிந்து விளக்கு எரிந்ததும் அந்தப் பழைய கட்டுரைக்காரர் எழுந்து நின்றார். ஒரு மனிதன் அந்த நேரத்தில் மனைவியை விட்டுவிட்டுப் புறாவைப் பார்க்கவே மாட்டான், துக்கம் தெரியாத இயந்திரத்தால் மட்டுமே முடிகிற கவிதை இது என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். மேடையில் நம்பி அடக்கமாக, அது மெஷின் பார்த்ததுதான், என் சாமர்த்தியம் எதுவும் இல்லை என்றான். வசுமதி என் பக்கத்து நாற்காலியில் இருந்தாள். அவனைத் திருத்தவில்லை. வயிறு குலுங்க, சத்தம் வராமல் சிரித்துக்கொண்டிருந்தாள்.

சிரிப்பு அடங்கிய பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"அந்தக் கிச்சன் சீனை நீங்க முழுசா பார்த்திருக்கீங்களாண்ணா?"

தியேட்டர் மூலையில் வெளியே போகும் வழியைக் காட்டும் பச்சை விளக்கு எரிந்துகொண்டிருந்தது. நான் அதைப் பார்த்தேன்.

"இல்லம்மா. ஓட்டி ஓட்டித்தான் பார்த்தேன்."

அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது கன்னத்தில் தெரிந்தது. நான் பச்சை விளக்கை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. அவள் ரொம்ப மெதுவாக, "சாப்பிட்டீங்களாண்ணா?" என்றாள்.

சாப்பிட்டேன் என்றேன். அதுவும் பொய்தான்.